அலகும் ஆண்டும் சொல்லும்: பாலக்காடு, இடுக்கி எல்லைப்புறத் தமிழரின் சிறுபான்மை நிலை

முன்னுரை

மொழிவாரி மாநிலங்கள் 1956 நவம்பர் 1ஆம் நாள் நடைமுறைக்கு வந்தன. அன்று எந்த எல்லை வகுக்கப்பட்டிருந்தாலும், அதன் இருபுறத்திலும் மறுபுறத்து மொழியைப் பேசுவோர் சிலர் எஞ்சவே செய்வர். இவ்வாறு எஞ்சியோரைக் குறிக்க ஆட்சித்துறை 'மொழிச் சிறுபான்மையினர்' என்னும் தொடரைக் கையாள்கின்றது. ஆனால் இத்தொடர் தானாகப் பொருள் தருவதன்று. எந்த நிலப்பரப்பை அலகாகக் கொண்டு எண்ணுவது, எந்த ஆண்டை வரம்பாகக் கொள்வது, எந்தப் பேச்சை எந்த மொழியின்கீழ் அடக்குவது என்னும் மூன்று முடிவுகளுக்குப் பின்னரே அது பொருள் பெறுகின்றது. கேரள மாநிலத்தின் பாலக்காடு, இடுக்கி மாவட்டங்களின் கிழக்கு எல்லையில் வாழும் தமிழரின் வரலாற்றைக் கொண்டு இம்மூன்று முடிவுகளும் எவ்வாறு எடுக்கப்பட்டன, அவற்றின் விளைவு யாது என்பதை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

1. மூன்று ஆட்சிகள், ஒரு மலைத்தொடர்

இன்றைய எல்லைப்புறம் 1949 வரை மூன்று ஆட்சிகளின்கீழ் இருந்தது. பாலக்காடும் அட்டப்பாடியும் சென்னை மாகாணத்து மலபார் மாவட்டத்தைச் சேர்ந்தவை. சித்தூர் கொச்சி அரசின் நிலம். தேவிகுளமும் பீருமேடும் திருவிதாங்கூரின் மலைத் தாலுகாக்கள். 1949இல் கொச்சியும் திருவிதாங்கூரும் இணைந்து ஒரே மாநிலமாயின. மலபார் 1956 வரை சென்னையுடனேயே இருந்தது. எனவே, 'கேரளத் தமிழர்' என்று இன்று ஒரே பெயரால் சுட்டப்படுவோர் 1956க்கு முன் ஒரே அரசின் குடிமக்களாக ஒருபோதும் இருந்ததில்லை.

பாலக்காட்டுக் கணவாய் மேற்குத் தொடர்ச்சி மலையில் இயற்கை விட்டுவைத்த அகன்ற வாயில். கொங்கு நாட்டையும் மேலைக் கடற்கரையையும் இணைத்த பெருவழி இதன் ஊடே சென்றது. வணிகரும் நெசவாளரும் உழவரும் இவ்வழியே இருபுறமும் சென்று வந்தனர். கல்பாத்தி, நூறணி முதலிய அக்கிரகாரங்களில் சோழ, பாண்டிய நாடுகளிலிருந்து வந்த அந்தணர் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே குடியேறினர். மலையாளச் சொற்களும் ஒலியமைப்பும் கலந்த அவர்தம் தமிழ் கிளைமொழி ஆய்வாளரின் தனிக் கவனத்தைப் பெற்றுள்ளது. சித்தூர்த் தாலுகாவின் கிழக்கு விளிம்பிலுள்ள கொழிஞ்சாம்பாறை, வடகரப்பதி, எருத்தேம்பதி, ஒழலப்பதி, வேலந்தாவளம் ஆகிய ஊர்களில் உழுதொழில் செய்யும் தமிழர் வாழ்கின்றனர். 'பதி' என முடியும் இவ்வூர்ப்பெயர்கள் எல்லைக்கு அப்பால் கோவைப் பகுதியிலும் தொடர்கின்றன.

தெற்கே, மறையூர், காந்தலூர், கீழாந்தூர், காரையூர், கொட்டகுடி ஆகிய ஐந்து ஊர்களும் அஞ்சுநாடு எனப்படுகின்றன. மதுரைப் பகுதியிலிருந்து மலையேறி வந்தோம் என்பது இவ்வூர் மக்களின் மரபுவழிக் கூற்று. முதுவர் என்னும் பழங்குடியினரும் மதுரையோடு தம்மைத் தொடர்புபடுத்தும் மரபுக் கதையைப் பேணி வருகின்றனர். இவ்வழக்குகளை அப்படியே வரலாறாகக் கொள்ளுதல் இயலாது. ஆயினும், தேயிலைச் செடி வருவதற்கு முன்னரே இம்மலையில் தமிழ் வழங்கிற்று என்பதற்கு அஞ்சுநாட்டு ஊர்கள் போதிய சான்றாகும். 'தேவிகுளத்துத் தமிழர் யாவரும் தோட்டத்திற்கு வந்த கூலிகளே' என்னும் பொதுக்கூற்று இவ்விடத்திலேயே தளர்ந்து விடுகின்றது.

2. தோட்டமும் குடியேற்றமும்

பூஞ்ஞாறு அரசரிடமிருந்து ஜான் டேனியல் மன்றோ கண்ணன் தேவன் மலைகளை 1877இல் குத்தகையாகப் பெற்றார். 1897இல் கண்ணன் தேவன் மலை விளைபொருள் நிறுவனம் தோன்றியது. பீருமேட்டிலும் இதே காலத்தில் தோட்டங்கள் பரவின. இவற்றிற்குரிய உழைப்பாளர் மேற்கிலிருந்து வரவில்லை. திருநெல்வேலி, மதுரை, இராமநாதபுரம் பகுதிகளிலிருந்து கங்காணிகளால் அழைத்து வரப்பட்டனர். அவர்களுள் பெரும்பாலோர் நிலமற்ற, ஒடுக்கப்பட்ட சாதியினர். குடும்பமாகவே வேலை செய்து, நிறுவனத்துக்குச் சொந்தமான லயங்களில் தங்கினர். பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் அதே லயத்தில் பிறந்து அதே தோட்டத்தில் கொழுந்து கிள்ளினர். எனினும் அவர்கள் பெயரில் நிலம் இல்லை. பணி முடிந்தால் வீட்டையும் ஒழித்துக் கொடுத்தல் வேண்டும். நூறாண்டு வாழ்ந்த இடத்தில் நிலையான முகவரி இல்லாத இந்நிலையே பின்னர் எழுந்த சிக்கல்கள் பலவற்றுக்கும் வேராகும்.

மற்றொரு குடியேற்றம் மேற்கிலிருந்து நிகழ்ந்தது. இரண்டாம் உலகப் போர்க்கால உணவுத் தட்டுப்பாட்டினையடுத்துத் திருவிதாங்கூர்ச் சமவெளி உழவர் மலைநாட்டில் குடியேற ஊக்குவிக்கப்பட்டனர். மொழிவாரி எல்லை பற்றிய விவாதம் முற்றிய காலத்தில் பட்டம் தாணுப்பிள்ளையின் அமைச்சரவை (1954-55) இம்மலைப் பகுதியில் குடியேற்றத் திட்டத்தைச் செயற்படுத்தியது. கல்லாற்றுப் பகுதியில் 1955இல் அமைந்த குடியிருப்பு இன்றும் அவர் பெயராலேயே 'பட்டம் காலனி' என வழங்குகின்றது. நிலமற்ற மலையாள உழவருக்கு நிலம் கிடைத்தது என்பது இதன் ஒரு பக்கம். எல்லை முடிவாகும் வேளையில் மக்கட்தொகையின் மொழி விகிதம் மாறத் தொடங்கியது என்பது மற்றொரு பக்கம். இரு குடியேற்றங்களையும் ஒப்பிடின், தோட்டத்திற்கு வந்தவர் உழைப்பைக் கொடுத்து லயத்தைப் பெற்றனர். திட்டத்தின்வழி வந்தவர் பட்டயத்தைப் பெற்றனர். 'குடியேறியவர்' என்னும் சொல் முதல் பிரிவினர்க்கே மிகுதியும் வழங்கப்பட்டது என்பது கருதத்தக்கது.

3. எண்ணும் எல்லையும்: 1953-1956

பசல் அலி, எச்.என். குன்சுரு, கே.எம். பணிக்கர் ஆகிய மூவரைக் கொண்ட மாநில மறுசீரமைப்பு ஆணையம் 1953 டிசம்பரில் அமைந்தது. 1955 செப்டம்பரில் அறிக்கை அளித்தது. திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ், தோவாளை, அகத்தீசுவரம், கல்குளம், விளவங்கோடு, நெய்யாற்றின்கரை, செங்கோட்டை, தேவிகுளம், பீருமேடு, சித்தூர் ஆகிய ஒன்பது தாலுகாக்களைச் சென்னையுடன் இணைக்கக் கோரியது. 1954இல் நேசமணி உள்ளிட்ட தலைவர்கள் தேவிகுளம் பகுதிக்குச் சென்று கைதாயினர். அவ்வாண்டு ஆகஸ்டு 11ஆம் நாள் மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் நடந்த துப்பாக்கிச் சூட்டில் உயிர்கள் பலியாயின.

முடிவில் தென்கோடித் தாலுகாக்கள் நான்கும் செங்கோட்டையின் பெரும்பகுதியும் சென்னைக்கு வந்தன. தேவிகுளமும் பீருமேடும் வரவில்லை. 1951ஆம் ஆண்டுக் கணக்கின்படி தேவிகுளத்தில் தமிழர் ஏறத்தாழ 72 விழுக்காட்டினர். பீருமேட்டில் 44 விழுக்காட்டினர். பீருமேட்டில் தமிழர் பாதிக்கும் குறைவு என்பதால் அங்குக் கோரிக்கை வலுவிழந்ததில் வியப்பில்லை. தேவிகுளத்தின் எண் அவ்வாறு எளிதில் ஒதுக்கத்தக்கதன்று. ஆணையம் இந்த எண்ணை மறுக்கவில்லை. அதன் எடையைக் குறைத்தது. தோட்டத் தொழிலாளர் பெரிதும் வந்து போகும் தன்மையினர் என்றும், அப்பகுதி திருவிதாங்கூர்-கொச்சியின் பொருளாதாரத்திற்கு இன்றியமையாதது என்றும் அது கருதியது.

இரண்டாவது காரணம் பொருளியல் சார்ந்தது. அதன் நியாயம் தனியே ஆராயத்தக்கது. முதற்காரணம் மொழிநூலாருக்கும் வரலாற்றாருக்கும் உரியது. மூன்று தலைமுறை ஒரே மலையில் வாழ்ந்தோர் 'வந்து போவோர்' எனப்படுவதற்கு அடிப்படை யாது? திருமணத்திற்கும் கோயில் விழாவிற்கும் அவர்கள் சமவெளி ஊருக்குச் சென்றது உண்மையே. ஆயின், அவர்களை வேரற்றோராகக் காட்டியது அப்பயணம் மட்டும் அன்று. நிலவுரிமை இன்மையே அதனினும் வலிய காரணமாகும். உரிமை இன்மை நிலையாமையாக மொழிபெயர்க்கப்பட்டது எனலாம்.

4. அலகு மாறின் விகிதம் மாறும்

1956க்குப் பின் தேவிகுளமும் பீருமேடும் கோட்டயம் மாவட்டத்தின் பகுதிகளாக இருந்தன. தேவிகுளத்திலிருந்து உடும்பன்சோலை தனித் தாலுகாவாகப் பிரிந்தது. இவை மூன்றும் தொடுபுழையுடன் சேர்ந்து 1972 சனவரி 26ஆம் நாள் இடுக்கி மாவட்டமாயின. பாலக்காடு 1957 சனவரி 1 அன்று மாவட்டமாகியது. சித்தூரும் அதனுள் அமைந்தது.

இம்மாற்றங்கள் வெறும் ஆட்சி வசதி பற்றியன அல்ல. மொழிச் சிறுபான்மையினர்க்குரிய பாதுகாப்புகள் விழுக்காட்டு வரம்புகளைச் சார்ந்துள்ளன. மாவட்ட மக்களுள் 30 விழுக்காட்டினர் வேற்றுமொழியினராயின் அதனை இருமொழிப் பகுதியாகக் கொள்ளலாம் என்பது ஆணையத்தின் காலத்தில் உருவான நெறி. தாலுகாவில் 72 விழுக்காடாக இருந்த மொழி, பரந்த கோட்டயம் மாவட்டத்துள் அடங்கியவுடன் அவ்வரம்பை எட்டாத மொழியாயிற்று. 2011ஆம் ஆண்டுக் கணக்கில் இடுக்கி மாவட்டத் தமிழர் ஏறத்தாழ 17 விழுக்காட்டினர். கேரளம் முழுவதையும் எடுத்துக்கொண்டால் ஏறத்தாழ 1.5 விழுக்காட்டினர். ஒரே மூணாற்றுக் குடும்பம் எந்த அலகில் வைத்து எண்ணப்படுகின்றது என்பதைப் பொறுத்துப் பெரும்பான்மை, கணிசமான சிறுபான்மை, புறக்கணிக்கத்தக்க சிறுபான்மை என மூவகையாகவும் தோன்றும்.

உச்ச நீதிமன்றத்தின் 11 நீதிபதிகள் அமர்வு 2002இல் டி.எம்.ஏ. பாய் வழக்கில் சிறுபான்மையைத் தீர்மானிக்க மாநிலமே அலகு என்று கூறியது. கல்வி நிறுவன உரிமைக்கு இத்தீர்ப்பு தெளிவு தந்தது. அன்றாட அலுவலகத் தேவைக்கு மாநிலத்தினும் சிறிய அலகே பொருத்தமானது. இதனைக் கேரளத்தின் 1969ஆம் ஆண்டு ஆட்சிமொழிச் சட்டம் உணர்ந்திருந்தது. தமிழரும் கன்னடரும் தலைமைச் செயலகத்திற்கும் துறைத் தலைமைகளுக்கும் தம் மொழியிலேயே எழுதலாம்; சிறுபான்மைப் பகுதியென அறிவிக்கப்பட்ட இடங்களில் உள்ளூர் அலுவலகங்களுக்கும் எழுதலாம்; விடையும் அம்மொழியிலேயே வருதல் வேண்டும் என்பது அச்சட்டத்தின் 3ஆம் பிரிவு. இந்திய மாநிலச் சட்டங்களுள் இது தாராளமான ஏற்பாடுகளில் ஒன்று. தமிழில் வந்த விண்ணப்பத்தைப் படித்துத் தமிழில் விடை எழுதவல்ல அலுவலர் அங்கே இருந்தாலன்றி அது பயன் தராது என்பதும் வெளிப்படை. 2017ஆம் ஆண்டுச் சட்டம் பத்தாம் வகுப்பு வரை மலையாளத்தைக் கட்டாயப் பாடமாக்கியது. மாநில மொழியை அறிதல் சிறுபான்மை மாணவர்க்கு வேலைவாய்ப்புக்கான வழி; தமிழ்வழிப் பள்ளிக்குத் தமிழறிந்த ஆசிரியர் கிடைத்தல் அதனோடு சேர்ந்து நிறைவேற வேண்டிய மற்றொரு பாதி.

5. எந்தப் பேச்சு எந்த மொழி?

கணக்கெடுப்பில் மக்கள் கூறும் தாய்மொழிப் பெயர்கள் பின்னர் 'மொழி' என்னும் பெருந்தலைப்புகளின்கீழ்த் தொகுக்கப்படுகின்றன. இருளர் பேச்சு தமிழின்கீழும் பணியர் பேச்சு மலையாளத்தின்கீழும் அடக்கப்படுகின்றன. 10,000 பேருக்குக் குறைந்தோர் பேசும் தாய்மொழிகள் 1971க்குப் பின் தனியே வெளியிடப்படுவதில்லை. ஆகவே, பாலக்காட்டு மாவட்டத் தமிழர் எண்ணிக்கையுள் அட்டப்பாடி இருளரும் சேர்ந்திருக்கலாம். முதுவர் பேச்சுப் போன்றவை பட்டியலில் கண்ணுக்குத் தெரியாமற் போகலாம்.

அட்டப்பாடி இவ்வாய்வில் ஓர் எச்சரிக்கையாகவும் அமைகின்றது. 1951இல் அங்கே பெரும்பான்மையினராக இருந்த இருளர், முடுகர், குறும்பர் ஆகிய பழங்குடியினர் பின்னர்ச் சிறுபான்மையினராயினர். கிழக்கிலிருந்து வந்த தமிழ் உழவரும் மேற்கிலிருந்து வந்த மலையாள உழவரும் அவர்தம் நிலத்தில் குடியேறினர். தேவிகுளத்தில் உரிமை இழந்தோராகக் காணப்படும் தமிழர், அட்டப்பாடியில் நிலம் பெற்ற குடியேறிகளுள் ஒரு சாராராகவும் உள்ளனர். எந்த மொழியினமும் எல்லா இடத்திலும் ஒரே நிலையில் நிற்பதில்லை.

கேரளத் தமிழர் தொகை 1991இல் 6 இலட்சத்திற்கு மேல் இருந்து 2011இல் ஏறத்தாழ 5 இலட்சமாகக் குறைந்துள்ளது. தோட்டத் தொழிலின் தளர்ச்சியும், இளையோர் கோவை, திருப்பூர் முதலிய நகரங்களுக்குச் செல்வதும் இதற்குரிய காரணங்களுள் அடங்கும். அவர்கள் விட்ட இடத்தில் இன்று அசாம், சார்க்கண்டு மாநிலத் தொழிலாளர் கொழுந்து கிள்ளுகின்றனர். 2021இல் நடைபெற வேண்டிய கணக்கெடுப்பு தள்ளிப்போனமையால் இம்மாற்றத்தின் அளவு இன்னும் எண்ணாக வெளிப்படவில்லை.

6. ஆவணச் சொற்களின் பொய்த்தோழமை

சிறுபான்மை உரிமை இறுதியில் ஒரு தாளில் எழுதப்பட்ட சொல்லாகவே மக்களை வந்தடைகின்றது. தமிழும் மலையாளமும் நெருங்கிய மொழிகளாதலின் மொழிபெயர்ப்பு எளிது என்று கருதுவோர் உளர். நெருக்கமே இடர் தரும் இடங்கள் வருவாய்த்துறை ஆவணங்களில் மிகுதி.

'ஆதாரம்' தமிழில் சான்று. கேரளத்தில் கிரயப் பத்திரம். 'பட்டயம்' இன்றைய தமிழில் செப்பேடு அல்லது தொழிற்கல்விச் சான்று. கேரளத்தில் அரசு வழங்கும் நிலவுரிமை ஆவணம், அதாவது தமிழ்நாட்டார் கூறும் பட்டாவிற்கு அண்மையது. 'போக்குவரவு' தமிழர் செவிக்கு ஊர்தி ஓட்டத்தை நினைவூட்டும். அங்கே அது பெயர் மாற்றத்தைக் குறிக்கும். 'அவகாசம்' தமிழில் காலவிடைவெளி; மலையாளத்தில் உரிமை. 'அவகாசி' என்பவர் உரிமையுடையவர். 'கரம் அடைத்த ரசீது' நிலவரி செலுத்திய சீட்டு. கடன் அடைத்தல் என்னும் வழக்கை அறிந்த தமிழர் இதனை ஒருவாறு உணர்வர். 'கரம்' என்பதைக் கை என்றே பொருள்கொள்வாரும் இருப்பர்.

இவற்றினும் இடர்மிக்கது 'நிலம்' என்னும் எளிய சொல். தமிழில் எவ்வகை மண்ணும் நிலமே. கேரள வருவாய்ப் பதிவேட்டில் நிலம் என்பது நெல்வயல். வீடு கட்டத்தக்க மேட்டுமண் 'புரயிடம்' எனப்படும். 2008ஆம் ஆண்டு நெல்வயல், நீர்ப்பரப்புப் பாதுகாப்புச் சட்டத்தின்பின் வயலைத் தூர்த்து வீடு கட்டுதல் கடுங் கட்டுப்பாட்டுக்குரியது. பத்திரத்தில் 'நிலம்' என்றிருப்பதைத் தன் தாய்மொழிப் பொருளில் வாசித்து இடம் வாங்கும் சித்தூர்த் தமிழர் வீடு கட்ட இயலாத இடத்திற்கு விலை கொடுத்தவராவர். இதனை 'நிலம்' என்றே பெயர்த்தெழுதும் மொழிபெயர்ப்பாளர் ஓர் எழுத்தையும் மாற்றாமலேயே பொருளை மாற்றியவராகின்றார். 'நன்செய்' என்பதே இங்குப் பொருந்தும் சொல்லாகும்.

7. ஆண்டு வரம்பு: ஓர் உலக ஒப்பீடு

எல்லை மாறியதால் சிறுபான்மையானோர் உலகில் பலர். 1989ஆம் ஆண்டுச் சோவியத் கணக்கின்படி ஏறத்தாழ 2.5 கோடி ரஷியர் ரஷியக் குடியரசிற்கு வெளியே வாழ்ந்தனர். லாத்வியாவில் அவர்கள் 34 விழுக்காடு, எஸ்தோனியாவில் 30, கசகசுதானில் 38. 1991இல் ஒன்றியம் கலைந்தபோது அவர்கள் அண்டை நாடுகளின் சிறுபான்மையினராயினர். எஸ்தோனியா முழுவதிலும் சிறுபான்மையினரான ரஷியர் நார்வா நகரில் பெரும்பான்மையினர். தேவிகுளத்தில் கண்ட அலகுச் சிக்கல் அங்கும் உண்டு. கசகசுதானில் 2021இல் ரஷியர் ஏறத்தாழ 15 விழுக்காடாகக் குறைந்துள்ளனர்.

லாத்வியாவும் எஸ்தோனியாவும் 1940இல் குடிமக்களாக இருந்தோர்க்கும் அவர் வழித்தோன்றல்களுக்குமே தாமாகக் குடியுரிமை அளித்தன. பிறர் மொழித்தேர்வு முதலியவற்றின்வழி அதனைப் பெறல் வேண்டும். அங்கே பேரரசின் ஆட்சிமொழியைப் பேசியவர் சிறுபான்மையினராயினர்; இங்கே நிலமற்ற தொழிலாளர் அவ்வாறாயினர். இந்தியாவில் குடியுரிமையும் நடமாட்ட உரிமையும் மாநில எல்லையால் குறைவதில்லை. இவ்வேறுபாடுகள் பெரியன. எனினும், ஓர் ஆண்டு உரிமையின் வாயிலாக நிற்கும் முறை இங்கும் உண்டு.

பட்டியல் சாதிகளுக்கான ஆணை 1950 ஆகஸ்டு 10ஆம் நாள் மாநிலவாரியாக வெளியிடப்பட்டது. அதன்பின் வேறு மாநிலத்திற்குக் குடிபெயர்ந்தோர் புதிய மாநிலத்தில் அத்தகுதியைக் கோர இயலாது என்பது 1990இலும் 1994இலும் உச்ச நீதிமன்றத் தீர்ப்புகளால் உறுதியாயிற்று. எனவே, தம் பாட்டன் 1950க்கு முன்னரே மலையேறி வந்தார் என்பதைத் தோட்டத் தொழிலாளர் மெய்ப்பித்தல் வேண்டும். நிலம் இல்லாதவரிடம் நிலப்பதிவேடு இராது. தோட்ட நிறுவனத்தின் பழைய பதிவுகளையே நம்ப வேண்டியுள்ளது. தேவிகுளம் தனித் தொகுதியில் 2021இல் வென்றவரின் தேர்தலை 2023இல் கேரள உயர் நீதிமன்றம் செல்லாதென அறிவித்தது. 2025இல் உச்ச நீதிமன்றம் அதனை மாற்றித் தேர்தல் செல்லும் என்றது. அவ்வழக்கின் வினாக்களுள் குடும்பம் குடியேறிய காலமும் அடங்கும். சட்டமன்ற உறுப்பினர்க்கு எழுந்த வினா, பள்ளிச் சேர்க்கைக்குச் சான்றிதழ் கோரும் ஒவ்வொரு தொழிலாளர் வீட்டிலும் எழக்கூடியதே.

முடிவுரை

2011 டிசம்பரில் முல்லைப் பெரியாறு அணை பற்றிய பூசல் முற்றியபோது, உடும்பன்சோலைப் பகுதித் தமிழ்த் தொழிலாளர் பலர் தேனி மாவட்டத்திற்கு அஞ்சி இறங்கினர். 2015இல் மூணாற்றுத் தோட்டப் பெண்கள் தாமே திரண்டு கூலிக்காகப் போராடினர். 2020 ஆகஸ்டு 6 இரவு பெட்டிமுடியில் மலை சரிந்து லயங்கள் புதையுண்டதில் 70 பேர் மடிந்தனர். பெரும்பாலோர் தமிழ்த் தொழிலாளரும் அவர்தம் பிள்ளைகளும் ஆவர். முதல் நிகழ்ச்சியில் அவர்கள் அண்டை மாநிலத்தவராகக் கருதப்பட்டனர். இரண்டாவதில் கேரளத்தின் தொழிலாளராக எழுந்து நின்றனர். மூன்றாவதில், தலைமுறைகள் பல கடந்தும் லயத்திலேயே வாழ்ந்தமை வெளிப்பட்டது.

இதுகாறும் கூறியவற்றால், பாலக்காடு, இடுக்கி எல்லைப்புறத் தமிழர் ஒரே இயல்புடைய ஒரு கூட்டத்தார் அல்லர் என்பதும், அவர்களது சிறுபான்மை நிலை அலகாலும் ஆண்டாலும் வகைப்பாட்டாலும் ஆக்கப்பட்டது என்பதும் புலனாகும். எல்லையை மீண்டும் வரைவதால் இச்சிக்கல் தீராது. வரையும் எந்தக் கோட்டின் அப்பாலும் வேறொரு மொழியினர் எஞ்சுவர். தாலுகா, ஊராட்சி ஆகிய சிறிய அலகுகளில் மொழித்தேவையைக் கணக்கிடுதல், தோட்டப் பதிவுகளைக் குடியிருப்புச் சான்றாகக் காத்தல், வருவாய்த்துறைக்கென மலையாள-தமிழ் ஆட்சிச்சொல் அகராதி ஒன்றைத் தொகுத்தல் ஆகியவை செய்யத்தக்க பணிகள். அவற்றுள் இறுதியானது மொழியியலாரும் மொழிபெயர்ப்பாளரும் உடனே தொடங்கக் கூடியது. அதில் முதலில் விளக்கம் பெற வேண்டிய சொல் 'நிலம்' என்பதாகும்.